மிச்ச அழுத்தம்: இரண்டு பார்

1

டெலிபோன் அலறியது.

திங்கட்கிழமை. காலை மணி பத்து ஐந்து.

கண்டி, கட்டுகஸ்தோட்டை வீதியில் இருந்த அந்த கேஸ் டிப்போவின் செக்கிங் ஷெட்டில் நானூற்றுப் பதினெட்டுச் சிலிண்டர்கள் நின்றிருந்தன. மனிதப் பிறவி என்று பார்த்தால் ஒரே ஒருத்திதான்.

சுதர்சினி. வயது முப்பத்தாறு. ஹந்தானைத் தேயிலைத் தோட்டத்து லயத்தில் பிறந்தவள். மஹய்யாவையில் வாடகை அறையில் தனியாக இருப்பவள். போகிற சிலிண்டரையும் திரும்பி வருகிற சிலிண்டரையும் சோதித்துக் கையெழுத்துப் போடுவது அவள் வேலை.

டெலிபோனில் விழுந்த நம்பரைப் பார்த்தாள்.

மடவளை! பளீல் நானாவின் வெல்டிங் கடை!

அவள் முகத்தில் சிரிப்பு வந்தது. ரிசீவரை எடுப்பதற்குள் அந்தச் சிரிப்பைத் துடைத்துவிட்டுக் குரலில் கோபத்தை ஏற்றிக்கொண்டாள்.

"என்ன நானா, வியாழக்கிழமை லொறி வருதுன்னு ஞாபகம் வந்திருச்சா? இப்பவே சொல்லிட்டேன். இந்தத் தடவையும் சிலிண்டரை சைபருக்கு இழுத்து அனுப்பினீங்கன்னா, அதே லொறில திருப்பி உங்க வாசல்லயே இறக்கிடுவேன்! நாலு வருசமா தொண்டைத் தண்ணி வத்தக் கத்துறேன்..."

ரிசீவரை மறு காதுக்கு மாற்றினாள்.

"என்ன சத்தத்தைக் காணோம்? வாயில கொழுக்கட்டையா?"

"மிஸ்... நீங்க யாரு பேசுறது?"

பழக்கமில்லாத குரல்!

"நீங்க யாருன்னு முதல்ல சொல்லுங்க. பளீல் நானாகிட்ட குடுங்க."

"நான் சப் இன்ஸ்பெக்டர் பஹ்மி. இந்தக் கடை போனுக்கு மாசா மாசம் வந்திருக்கிற ஒரே நம்பர் இதுதான். அதனாலதான் எடுத்தேன்."

"அவரு எங்க?"

"நேத்துப் பின்னேரம் மவுத்தாப் போயிட்டாரு."

சுதர்சினியின் கையிலிருந்த பேனா கீழே விழுந்து உருண்டது.

"எ... எப்படி?"

"அதைத்தான் உங்ககிட்ட கேக்க வேண்டி ஈக்கிது. ஆள் தூங்கிட்டு இருந்த ரூமுக்குள்ள உங்கட டிப்போ சிலிண்டர் ஒண்டு. வால்வு மூடியிருக்கு. ஆனா உள்ளுக்குள்ள கேஸ் இல்ல போல. லீக் ஆகியிருக்கு. அந்த லீக்ல மூச்சு முட்டி மவுத்து..."

"லீக்கா?"

"சிலிண்டரோட வந்த அட்டையில செக் பண்ணினது எஸ். சுதர்சினின்னு கையெழுத்து ஈக்கிது. அது யாரு?"

பேனாவைக் குனிந்து எடுத்தாள்.

"நான்தான்!"

2

பத்தே நிமிடத்தில் மெனேஜர் சந்திரகுமார் ஷெட்டுக்குள் வந்தார். பொலிஸ் அவருக்கு முன்பே சொல்லியிருந்தது. கையில் டைப் அடித்த ஒரு கடிதம்.

"இங்க பாரும்மா சுதர்சினி... நடந்தது நடந்துபோச்சு. இதுல ஒரு கையெழுத்தைப் போட்டுரு."

வாங்கிப் படித்தாள்.

'மேற்படி சிலிண்டரை அனுப்புமுன் வழக்கமான சவர்க்கார நீர்ச் சோதனையைச் செய்யத் தவறிவிட்டேன். தவறு முழுவதும் என்னுடையது.'

"சேர்! நான் சோதனை பண்ணித்தானே அனுப்பினேன்! எந்தச் சிலிண்டரையும் சோப்புத் தண்ணி தடவிப் பார்க்காம நான் விட்டதே இல்லையே!"

"அது எனக்குத் தெரியாதா? ஆனா கொழும்புல கேப்பாங்களே. கம்பனி மேல தப்புன்னா டிப்போவையே மூடிருவாங்க. நாங்க பதினோரு குடும்பம். உனக்கு என்ன... புருசனா, புள்ளையா? ஒத்த ஆள். சமாளிச்சுக்குவ."

சுதர்சினி அவரை நிமிர்ந்து பார்த்தாள்.

"ஒத்த ஆள்னா ஜெயிலுக்குப் போகலாமா சேர்?"

"ஜெயிலெல்லாம் இல்லம்மா. அலட்சியத்தால மரணம். கோட், கேஸ்னு கொஞ்ச நாள் இழுக்கும். வேலை போகும். அவ்வளவுதான்."

"அவ்வளவுதானா?"

"சாயந்தரத்துக்குள்ள கையெழுத்து வேணும்."

வாசலில் பொலிஸ் ஜீப் வந்து நின்றது.

சுதர்சினி கடிதத்தை நான்காக மடித்துத் தன் பைக்குள் வைத்தாள். அழுத்தமானி, ஸ்பேனர், சோப்புத் தண்ணீர்ப் போத்தல் மூன்றையும் அதே பைக்குள் போட்டாள்.

"சிலிண்டரைப் பார்த்துட்டு வந்து சொல்றேன் சேர்."

"அதைப் பார்த்து என்ன ஆகப் போகுது?"

"அது பொய் சொல்லாது!"

3

மடவளைச் சந்தியைத் தாண்டிப் பள்ளிவாசலுக்குப் பின்பக்கம் இறங்கும் குறுக்குத் தெரு.

தகரக் கூரை. வாசலில் பாதி முடிந்த ஸ்டெயின்லஸ் ஸ்டீல் கேட் ஒன்று சாய்ந்து நின்றது.

நான்கு வருடங்கள். மாதம் ஒரு கோல். நாற்பத்தெட்டுச் சண்டைகள். அத்தனையும் இந்தக் கடையோடுதான். ஆனால் சுதர்சினி இந்தத் தெருவுக்கு வருவது இதுதான் முதல் தடவை. பளீல் நானாவின் முகத்தை அவள் ஒருநாளும் கண்டதில்லை.

இனிக் காணவும் முடியாது. மையித்து போஸ்ட்மோர்ட்டத்துக்காகக் கண்டிப் பெரியாஸ்பத்திரியில் இருந்தது.

சப் இன்ஸ்பெக்டர் பஹ்மிக்கு நாற்பது வயது இருக்கும். தூக்கமில்லாத கண்கள். பக்கத்தில் ஒல்லியாக ஓர் இளைஞன் சுவரில் சாய்ந்து நின்றான்.

"இது ருஷ்தி. மவுத்தான ஆள்ட தங்கச்சி மகன். எட்டு வருசமா இங்கதான் வேலை. நேத்து அஞ்சு மணிக்கு இவர்தான் மையித்தைக் கண்டது."

ருஷ்தி மூக்கை உறிஞ்சினான்.

"ஞாயித்துக்கிழமை கடை இல்ல மிஸ். மாமா பகல் சாப்பிட்டுட்டு இந்த ரூம்ல படுப்பாரு. மழைன்னு ஜன்னலையும் மூடிட்டாரு. ப்ளேன் டீ போட்டுக் குடுக்கலாம்னு வந்து எழுப்பினேன்... எழும்பல்ல..."

எட்டடிக்கு ஒன்பதடி அறை. ஒரு கட்டில். ஒரு மர அலுமாரி. சுவரின் அடியில் வயர் போக ஒரு துவாரம். கட்டிலின் தலைமாட்டில்... தோளில் பச்சை நிறம் பூசிய அந்தச் சிலிண்டர்!

"சிலிண்டர் ஏன் படுக்கிற ரூம்ல?" என்றாள் சுதர்சினி.

"களவு போகும்னு மாமா முழுச் சிலிண்டரை உள்ளுக்குத்தான் வைப்பாரு," என்றான் ருஷ்தி அவசரமாக.

"ஆர்கன்," என்றாள் அவள் பஹ்மியிடம். "ஸ்டெயின்லஸ் ஸ்டீல் ஒட்டுறப்ப காத்து படாம மூடுற கேஸ். நிறம் இல்ல. மணம் இல்ல. விசமும் இல்ல. ஆனா காத்தைத் தள்ளிட்டு அந்த இடத்துல உக்கார்ந்துக்கும். தூங்குறவனுக்குத் தெரியவே தெரியாது."

"டொக்டரும் அதைத்தான் சொன்னாரு. சரி, உங்கட லீக்கைக் கண்டுபிடியுங்க."

சுதர்சினி சோப்புத் தண்ணீரை வால்வில் ஊற்றினாள். குனிந்தாள். ஒரு நிமிடம்... இரண்டு நிமிடம்...

ஒரு குமிழி கூட வரவில்லை!

அழுத்தமானியைப் பூட்டினாள். வால்வை மெதுவாகத் திறந்தாள்.

முள் துடித்தது. ஏறியது. நின்றது.

அவள் மூச்சும் நின்றது.

"என்ன மிஸ்? காலிதானே?"

"இல்ல சேர்... ரெண்டு பார் இருக்கு!"

"பார்னா?"

"அழுத்தத்தை அளக்கிற அளவு. முழுச் சிலிண்டர்ல நூத்தம்பது பார். உங்க ஜீப் டயர்ல ரெண்டு."

"நூத்தம்பதுல ரெண்டுன்னா காலி மாதிரித்தானே?"

"உங்க டயர்ல ஆணி குத்துதுன்னு வைங்க. பாதிக் காத்து போனதும் மிச்சம் இருக்கட்டும்னு நின்னுருமா?"

"நிக்காது..."

"லீக்குக்கு இரக்கம் கிடையாது சேர். சைபர் வரைக்கும் போகும். இது ரெண்டுல நின்னிருக்கு. குமிழியும் இல்ல. லீக்கே இல்ல. யாரோ திறந்திருக்காங்க. ரெண்டு வந்ததும் கையால இறுக்கி மூடியிருக்காங்க."

பஹ்மி அவளையே பார்த்தார்.

"பளீல் நானாவே திறந்து மூடியிருக்கலாமே?"

"நூத்தி நாப்பத்தெட்டு பார் இந்த ரூமுக்குள்ள வந்திருந்தா, மூடுறதுக்கு அவரு உயிரோட இருந்திருக்க மாட்டாரு!"



"அப்ப..." என்றார் பஹ்மி மெல்ல, "இது விபத்து இல்ல."

"இல்ல சேர். கொலை!"

4

பஹ்மி கதிரையை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். நோட்டுப் புத்தகத்தைத் திறந்தார்.

"ஒண்டு மட்டும் விளங்கல்ல. கொலைகாரன் ஏன் மிச்சம் வைக்கணும்? முழுசா விட்டுட்டு மூடியிருந்தா லீக்னு நாங்க நம்பியிருப்போமே!"

"அதுதான் சேர் எங்க தொழில்ல மிச்ச அழுத்தம்."

"எழுதிக்கிறேன். விளக்கமாச் செல்லுங்க."

"கேஸ் டிப்போவுல வெறும் சிலிண்டர்னு சொன்னா ஒண்ணுமே இல்லாததுன்னு அர்த்தம் கிடையாது. ரெண்டு பார் மிச்சம் வச்சு வால்வை மூடி அனுப்புறதுதான் எங்களுக்கு வெறும் சிலிண்டர். அந்த மிச்சம் உள்ளுக்குள்ள இருந்து வெளிய தள்ளிக்கிட்டே இருக்கும். வெளிக்காத்து, ஈரம், தூசு எதுவும் உள்ள வராது. சைபருக்கு இழுத்துத் திறந்து போட்டா எல்லாம் உள்ள வந்து குந்திக்கும். துருப் பிடிக்கும். அடுத்து நிரப்புற கேஸும் நாசம். அதை வச்சு ஒட்டினா, ஒட்டின இடம் கருத்துப் போகும்."

இதே விளக்கத்தை, இதே வரிசையில், ஒரே ஒரு மனிதனுக்கு அவள் நாற்பத்தெட்டு தடவை சொல்லியிருக்கிறாள். நாற்பத்தொன்பதாவது தடவை ஒரு பொலிஸ்காரருக்குச் சொல்ல வேண்டியிருந்தது.

"மீற்றர் பூட்டாம ரெண்டுன்னு எப்படித் தெரியும்?"

"காது சேர். கடைசியில சத்தம் மாறும். பழகினவனுக்கு மீற்றர் வேணாம். சத்தம் மாறின உடனே கை தானா போய் மூடும்."

"பழகினவன்..." பஹ்மி பேனாவால் தாடையைச் சொறிந்தார். "இந்தக் கடையில அந்தப் பழக்கம் யாருக்கு? பளீல் நானாவுக்கு?"

"அவருக்கா!" சுதர்சினிக்குச் சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்தது. "நாலு வருசத்துல ஒரு தடவை கூட மிச்சம் வச்சதில்ல. எல்லாம் சைபர். மத்தக் கடைக்காரங்க அத்தனை பேரும் திருந்திட்டாங்க. இந்த மனுசன் மட்டும்..."

"ருஷ்தி! உனக்கு?"

"எனக்கு இதெல்லாம் ஒண்டும் தெரியாது சேர்! மிச்சம் வைக்கணும்னு இப்பத்தான் கேள்விப்படுறேன். கேஸ் முடியிற வரைக்கும் அடிப்போம். முடிஞ்சா மாத்துவோம். மாமா பழக்கினது அவ்வளவுதான்."

"அப்ப கடையில யாரும் இல்ல. வேற யாருக்குப் பழக்கம் மிஸ்?"

"டிப்போவுல எல்லாருக்கும். லொறி டிரைவர் நிரோஷன். மெனேஜர் சந்திரகுமார் சேர். அப்புறம்..."

அவள் நிறுத்தினாள்.

பஹ்மி முடித்து வைத்தார்.

"அப்புறம் நீங்க!"

5

டிரைவர் நிரோஷன் ஞாயிறு முழுக்க நுவரெலியாவில். கூடவே இரண்டு உதவியாட்கள். ஒரு போன் கோலில் முடிந்தது.

மெனேஜர் சந்திரகுமார் மாத்தளையில் கல்யாண வீட்டில். சாட்சி முந்நூறு பேர். வீடியோ வேறு!

"நீங்க மிஸ்? ஞாயித்துக்கிழமை பின்னேரம் ரெண்டுல இருந்து அஞ்சு வரைக்கும்?"

"என் ரூம்ல."

"கூட யாரு?"

"யாரும் இல்ல."

"வீட்டுக்காரங்க?"

"கதிர்காமம் போயிட்டாங்க. இன்னைக்கு ராத்திரிதான் வருவாங்க."

"பக்கத்து வீட்டுல யாராவது கண்டிருப்பாங்களே. கடைக்குக் கிடைக்குப் போகல்லையா?"

"சாப்பிடப் பாண் வாங்கி வச்சிருந்தேன். உடுப்புத் துவைச்சேன். தூங்கினேன்."

"போன் குடுங்க. யார்கூடயாவது பேசியிருந்தா நேரம் தெரியும்."

கொடுத்தாள். பஹ்மி விரலால் தள்ளிக்கொண்டே போனார். தள்ளினார்... தள்ளினார்... புருவம் சுருங்கியது.

"டிப்போ... டிப்போ... ரீலோட் மெசேஜ்... டிப்போ... என்ன மிஸ், இருபத்திமூணு நாளா உங்களுக்குன்னு ஒருத்தர் கூட கோல் எடுக்கல்லையா?"

கொலைக் குற்றம் சாட்டியபோது கூட வராத வெட்கம் அப்போதுதான் சுதர்சினிக்கு வந்தது. தரையைப் பார்த்தாள்.

"அண்ணன் கட்டார்ல. பொங்கலுக்கு மெசேஜ் போடுவாரு."

"இது செப்டெம்பர்."

"தெரியும் சேர்."

தனியாக இருப்பவர்களுக்கு ஒரு வசதி உண்டு. எதையும் யாரிடமும் சொல்லிக்கொண்டிருக்க வேண்டியதில்லை. ஒரு தொல்லையும் உண்டு. சொல்ல வேண்டி வரும்போது அதை உண்மை என்று சொல்ல ஆளே இருப்பதில்லை!

ருஷ்தி தொண்டையைச் செருமினான்.

"சேர்... ஒரு விசயம் செல்லாம இருக்க ஏலாது. இந்த மிஸ் மாசா மாசம் மாமாவுக்கு கோல் எடுத்து ஏசுவாங்க. கடை முழுக்கக் கேக்கும். போன மாசம் 'உங்களை நேர்ல கண்டா கொல்லாம விடமாட்டேன்'னு கூட சென்னாங்க!"

"அது சும்மா பேச்சு! அவரும்தான் 'வந்து கொல்லுங்க மிஸ், ப்ளேன் டீ போட்டு வைக்கிறேன்'னு சொன்னாரு!"

"பேசினீங்களா, இல்லையா?" என்றார் பஹ்மி.

"...பேசினேன்."

பஹ்மி எழுந்தார். நோட்டுப் புத்தகத்தை மூடினார்.

"மிஸ், காலையில உங்க மேல இருந்தது கவனக்குறைவு. அதுல இருந்து நீங்களே அழகா உங்களைக் காப்பாத்திக்கிட்டீங்க. காப்பாத்தி நேரா கொலைக் கேஸ்ல கொண்டுவந்து நிறுத்திட்டீங்க. இப்படி ஒரு ஆளை என் சேவீஸ்ல கண்டதே இல்ல. ஜீப்ல ஏறுங்க."

பையைத் தூக்கினாள். உள்ளே மெனேஜரின் கடிதம் சரசரத்தது. அதில் கையெழுத்துப் போட்டிருந்தால் வேலையோடு போயிருக்கும். உண்மையைச் சொன்னதால் ஆயுள் முழுக்கச் சிறை!

"சேர்... ஒரே ஒரு விசயம்."

"என்ன?"

"வியாழக்கிழமை அனுப்ப வேண்டிய வெறும் சிலிண்டர் இங்க எங்கயாவது இருக்கும். அதையும் பார்த்துட்டு வர்றேன்."

"இப்ப எதுக்கு அது?"

"அவரு சைபருக்கு இழுக்கிறவர்னு நான் சொன்னது உங்க புத்தகத்துல வெறும் பேச்சாத்தான் இருக்கு. நேர்ல பார்த்து எழுதுங்க. எனக்குப் பாதகமா இருந்தாலும் சரியா இருக்கட்டும்."

பஹ்மி கடிகாரத்தைப் பார்த்தார்.

"அஞ்சு நிமிசம்!"

6

கடைக்குப் பின்னால், தகரத் தாழ்வாரத்தின் கீழ், சங்கிலி போட்டு நான்கு சிலிண்டர்கள்.

ஒவ்வொன்றின் மேலும் அது தீர்ந்த நாள் சோக்கால் எழுதப்பட்டிருந்தது.

சுதர்சினி முதலாவதில் அழுத்தமானியைப் பூட்டினாள். திறந்தாள்.

இரண்டு பார்!

திடுக்கிட்டாள். மூடினாள். மறுபடி திறந்தாள்.

இரண்டு பார்!

அடுத்தது. இரண்டு.

அடுத்தது. இரண்டரை.

கடைசி. இரண்டு!

"சேர்... இது... இது நடக்காது சேர்!"

"என்ன?"

"நாலுலயும் மிச்சம் இருக்கு! இந்தக் கடையில இருந்து எனக்கு நாலு வருசமா சைபர்தான் வந்திருக்கு! ஒரு தடவை கூட... ஒரே ஒரு தடவை கூட..."

பஹ்மி ருஷ்தியின் பக்கம் திரும்பினார்.

"முடியிற வரைக்கும் அடிப்போம்னு சென்னாய்?"

ருஷ்தியின் கண்கள் ஒரு நொடி அலைந்தன. பிறகு உதடு கோணலாகச் சிரித்தது.

"அது... மாமா மூடி வச்சது சேர். நான் இல்ல."

"மாமாதான் மிச்சம் வைக்கமாட்டாரே?"

"அவரா! ரெண்டு பாருக்குக் கீழ போனா கையை ஒடிப்பாரு! மிஸ்ஸை ஏமாத்தத்தான் அந்த சைபரெல்லாம்!"

"என்னது?" என்றாள் சுதர்சினி.

"லொறி வார அன்னைக்கு, விடியச் சுபஹ் தொழுதிட்டு வந்து நாலையும் திறந்து விடுவாரு. ஸ்ஸ்ஸ்னு சத்தம் வெளிய கேக்கும். 'ஏன் மாமா, நல்லா மூடி வச்சதை நாசமாக்குறீங்க'ன்னு ஒருநாள் கேட்டேன். 'ஒழுங்கா அனுப்பினா அந்தப் புள்ள எதுக்குடா கோல் எடுக்கும்'னு சிரிக்கிறாரு! மிஸ் ஏசுறப்ப ஒரு கையால வாயைப் பொத்திக்குவாரு. சிரிப்புக் கேட்டுரும்னு. அன்னைக்கு முழுக்கப் பாட்டுத்தான். பைத்தியம்!"

தகரத்தின் மேல் மழைத் தூறல் விழ ஆரம்பித்தது.

சுதர்சினி அசையவில்லை.

நாற்பத்தெட்டு கோல். ஒவ்வொரு மாதமும் சைபர் வந்ததும் அவளும்தான் அவசர அவசரமாகக் கையைத் துடைத்துக்கொண்டு நம்பரை அடித்திருக்கிறாள். மற்றக் கடைக்காரர்கள் ஒவ்வொருவராகத் திருந்தியபோது அவளுக்குச் சந்தோசமா வந்தது? இல்லை. பளீல் நானாவாவது திருந்தாமல் இருக்கிறாரே என்று நிம்மதியாக இருந்தது!

இரண்டு பேரும் ஒரே களவைச் செய்திருக்கிறார்கள். இரண்டு பேரும் சொல்லிக்கொள்ளவில்லை.

கண்ணைப் புறங்கையால் துடைத்தாள். துடைத்த கண் நேரே கடைசிச் சிலிண்டரில் போய் விழுந்தது.

சோக்கில் இருந்த எழுத்து... 'சனி'.

மற்ற மூன்றிலும் எழுத்து உருண்டு நேராக இருந்தது. இது மட்டும் கோழி கிளறிய மாதிரி.

"தம்பி," என்றாள் அமைதியாக. "இந்த 'சனி' யாரு எழுதினது?"

"நான்தான். ஏன்?"

"முந்தாநாள் சனிக்கிழமை தீர்ந்ததா?"

"ஓ, அன்னைக்குத்தான்."

"மூடினது?"

"மாமாதான்! இப்பதானே சென்னேன்!"

பஹ்மி நோட்டுப் புத்தகத்தை மறுபடி திறந்தார். இரண்டு பக்கம் பின்னால் புரட்டினார்.

"காலையில நீ தந்த ஸ்டேட்மென்ட். 'சனிக்கிழமை காலையில இருந்து ராத்திரி வரைக்கும் மாமா அக்குறணைக்குப் போயிருந்தாரு. கடையில நான் மட்டும்தான்.' இது யாரு சென்னது ருஷ்தி?"

ருஷ்தி ஓரடி பின்னால் போனான். 

"மாமா அக்குறணையில இருந்துக்கிட்டு மடவளையில வால்வு மூடினாரா? நீளமான கைதான்!"

"சேர்... நான்..."

"மிச்சம் வைக்கிறதைப் பத்தி இப்பத்தான் கேள்விப்படுறேன்னு எங்கட மூஞ்சியைப் பார்த்துச் சென்னாய். எட்டு வருசமா கையை ஒடிச்சுப் பழக்கினாருன்னு இப்ப நீயே செல்றாய். சனிக்கிழமை தனியா நின்னு ரெண்டு பார்ல மூடினவன் நீ. ஞாயித்துக்கிழமை மூடினது யாரு?"

ருஷ்தி ஓடினான்!

தாழ்வாரத்தைத் தாண்டி, கம்பிக் குவியலைத் தாண்டி, கேட்டை நோக்கி... மழை நனைத்த இரும்புத் தகட்டில் கால் வழுக்கியது. அவன் குப்புற விழுந்த இடத்தில் இரண்டு கான்ஸ்டபிள்கள் ஏற்கெனவே நின்றிருந்தார்கள்.

7

சொல்வதற்கு அவனுக்கு அதிக நேரம் தேவைப்படவில்லை.

"மாமாவுக்குப் புள்ளையும் இல்ல, மாமியும் மவுத்து. கடை எங்கட உம்மாவுக்குத்தான் வரும், உம்மா மூலமா எனக்குன்னு நினைச்சிட்டு இருந்தேன். திடீர்னு நிக்காஹ் முடிக்கப் போறேன்னு செல்றாரு! அக்குறணையில கைரியான்னு ஒரு விதவை. சனிக்கிழமை போய் எல்லாம் பேசி முடிச்சிட்டு வந்து என்னைக் கட்டிப் புடிக்கிறாரு. 'இனி இந்த வீட்டுல பேசுறதுக்கு ஒரு ஆள் ஈக்கிதுடா'ன்னு..."

"அதுக்காக?"

"அவங்களுக்குப் புள்ள கிடைச்சா எனக்கு என்ன சேர் மிச்சம்?"

சிலிண்டரை வெளியே வைத்து, சுவரின் துவாரத்தில் ஹோஸைக் கொடுத்துத் திறந்துவிட்டு, எல்லாம் முடிந்தபின் உள்ளே உருட்டிக்கொண்டுபோய் நிறுத்தியதையும் சொன்னான்.

"லீக்னு காட்டணும்னா சைபர் வரைக்கும் விட்டிருக்கணுமே," என்றார் பஹ்மி.

ருஷ்தி தன் வலது கையைப் பார்த்தான். யாரோ ஒருவருடைய கையைப் பார்ப்பது போல.

"விடத்தான் இருந்தேன் சேர். அல்லா மேல சத்தியமா விடத்தான் இருந்தேன். சத்தம் மாறிச்சு. அவ்வளவுதான்... கை மூடிரிச்சு. இறுக்கி மூடிரிச்சு. அதுக்குப் பிறகு திறக்க மனசு வரல்ல."

மாமா நன்றாகத்தான் பழக்கியிருந்தார்!

ஜீப் கிளம்பியது. பஹ்மி பின்தங்கி நின்று சுதர்சினியின் போனைத் திருப்பிக் கொடுத்தார்.

"மன்னிச்சுக்கோங்க மிஸ். போஸ்ட்மோர்ட்டம் முடிஞ்சிட்டுது. அஸர் தொழுகைக்குப் பிறகு ஜனாஸா அடக்கம்."

"சேர்... அவரோட படம் ஏதாவது இருக்கா?"

பஹ்மி கோப்பிலிருந்து அடையாள அட்டையை எடுத்துக் காட்டினார். வழுக்கைத் தலை. பெரிய காதுகள். படம் எடுப்பவன் ஏதோ பகிடி சொன்ன மாதிரி அடக்கிய சிரிப்பு.

"இப்படியா இருப்பாரு?" என்றாள். "நல்ல உயரம், மீசையெல்லாம் வச்சவர்னு நினைச்சிருந்தேன்."

"உயரம் அஞ்சடி இருக்காது."

"குரல் உயரமா இருந்துச்சு."

நாலே முக்காலுக்கு ஜனாஸா அந்தத் தெரு வழியாகப் போனது. தோள் மாறித் தோள் மாறித் தூக்கிக்கொண்டு ஆண்கள் வேகமாக நடந்தார்கள். எதிர்க்கடைத் திண்ணைப் பலகையின் ஓரமாக ஒதுங்கி நின்ற ஒரு தமிழ்ப் பெண்ணை யாரும் கவனிக்கவில்லை. அவள் யார் என்று கேட்டிருந்தால் அவளுக்கும் சொல்லத் தெரிந்திருக்காது. சொந்தக்காரியா? இல்லை. சிநேகிதியா? பார்த்ததே இல்லையே. கேஸ் டிப்போவில் இருந்து... ஏசுகிறவள்.

கடைசி ஆளும் திருப்பத்தில் மறையும் வரை நின்றாள்.

பிறகு பஸ் ஏறினாள். ஜன்னலோரம். பக்கத்து ஸீட் கட்டுகஸ்தோட்டைப் பாலம் வரைக்கும் காலியாகவே வந்தது.

போன் அடித்தது.

பதறி எடுத்தாள். டிப்போ!

"சுதர்சினி! நான்தான் சந்திரகுமார்! இப்பதான் பொலிஸ்ல இருந்து சொன்னாங்க. நான் அப்பவே சொன்னேனே, எங்க புள்ள மேல தப்பு இருக்கவே இருக்காதுன்னு! கொழும்புக்கும் அப்படியே சொல்லிட்டேன். கம்பனி ஒரு குடும்பம் மாதிரிம்மா. யாரையும் விட்டுக் குடுக்கமாட்டோம்! அந்தக் கடிதத்தை மட்டும் கிழிச்சுப் போட்டுரு, என்ன? யார்கிட்டயும் காட்டாத..."

பேசிக்கொண்டே போனார். மூச்சு விடாமல் போனார்.

சுதர்சினி பையிலிருந்து கடிதத்தை எடுத்தாள். மடிப்பைப் பிரித்து, நீவி, பத்திரமாக மறுபடி உள்ளே வைத்தாள்.

"சேர்," என்றாள். "காலையில இருந்து தேடின லீக்கை இப்பத்தான் கண்டுபிடிச்சேன்."

"எங்கம்மா?"

"உங்க வாயில! கொஞ்சம் மூடுங்க!"